சந்திரலேகாவை வாய்மொழித் தேர்வுக்குப் படித்த விதம்

நடன வரலாற்றுத் தாளுக்குத் தற்கால நடன முன்னோடி ஒருவரைத் தேர்ந்தெடுத்து இடுபணி எழுதி, பிறகு வாய்மொழித் தேர்வில் அதைப் பற்றிப் பேச வேண்டும் என்றால் பெரும்பாலோர் அமெரிக்க நவீன நடனக் கலைஞர் மார்த்தா கிரஹாமிடம்தான் போகிறார்கள். புத்தகம் நிறைய கிடைக்கும். நான் சந்திரலேகாவை எடுத்தேன். பிரிக்பீல்ட்ஸில் சின்ன வயதிலிருந்து பரதம் கற்றவள் நான். என் கால்களுக்குப் பழகிய அடவுகளை, அதாவது பரதத்தின் அடிப்படை அசைவுகளை வைத்தே ஒருவர் புதிதாக ஒன்றைக் கட்டியிருக்கிறார் என்றால் அதைப் படிக்காமல் எப்படி விடுவது? இப்போது கோலாலம்பூரில் அதே தாளுக்குத் தயாராகும் தம்பி தங்கைகளுக்காக, எனக்கு உதவியதை எழுதுகிறேன்.

வாழ்க்கைக் குறிப்பை அரைப் பக்கத்தில் முடித்துவிடுங்கள். 1928இல் மகாராஷ்டிராவின் வாடாவில் பிறந்தார், காஞ்சிபுரம் எல்லப்பப் பிள்ளையிடம் பரதம் கற்றார், சென்னையில் வாழ்ந்து 2006 டிசம்பரில் மறைந்தார். இது போதும். தேர்வாளர்கள் துருவித் துருவிக் கேட்பது வேறு: பேரோடு ஆடிக்கொண்டிருந்தவர் ஏன் மேடையை விட்டு விலகினார்? ஏன் திரும்பி வந்தார்?

இதற்கு அவருடைய அரங்கேற்றத்திலிருந்து தொடங்குங்கள். 1952இல் ராயலசீமா வறட்சி நிவாரண நிதிக்காக நடந்த நிகழ்ச்சி அது. 'மதுரா நகரிலோ' பாடலுக்கு யமுனையில் தண்ணீர் பெருகி ஓடுவதை அபிநயித்துக்கொண்டிருந்தார். அப்போது, பத்திரிகையில் பார்த்த படங்கள் கண்முன் வந்தன: வெடித்துக் கிடக்கும் நிலம், சின்னத் தகர டப்பாவோடு தண்ணீருக்காக வரிசையில் நிற்கும் மக்கள். ஆட்டத்தின் நடுவிலேயே உறைந்துபோனதாக அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். மேடையில் காட்டும் உலகத்துக்கும் வெளியே இருக்கும் வாழ்க்கைக்கும் நடுவில் விழுந்த அந்த இடைவெளியைப் பிடித்துக்கொண்டால் மற்றவை தானாக வந்து சேரும். இடையில் பல ஆண்டுகள் அவர் சுவரொட்டி வரைந்ததும், பெண்கள் இயக்கத்தில் வேலை செய்ததும் நடனத்திலிருந்து பெற்ற ஓய்வு இல்லை என்பது அப்போது புரியும். 1984இல் பம்பாயில் நடந்த கிழக்கு–மேற்கு நடனச் சந்திப்பில் திரும்பி வந்தார். அடுத்த ஆண்டு 'அங்கிகா' என்ற படைப்பு. கடவுள் கதைகளை ஒதுக்கிவிட்டு, பரதத்தையும் கேரளத் தற்காப்புக் கலையான களரிப்பயிற்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்.

எல்லாப் படைப்புகளையும் படிக்க ஆசைப்படாதீர்கள். 'லீலாவதி' பாஸ்கராச்சாரியாரின் கணித நூலிலிருந்து வந்தது என்ற அளவில் தெரிந்தால் சரி. ஒன்றை மட்டும் ஆழமாக எடுங்கள். நான் எடுத்தது 2001இல் வந்த 'ஷரீரா'. துருபத் என்ற பழைய இந்துஸ்தானி இசை, ஒரு பெண், களரி கற்ற ஓர் ஆண், அவ்வளவுதான். யூடியூபில் கிடைக்கும் துண்டுகளை முதலில் ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள். அப்புறம் எழுந்து நின்று, முழங்காலைப் பக்கவாட்டில் மடக்கிப் பாதி உட்காரும் அரைமண்டியில் இருந்து, ஒரு கையை மட்டும் பக்கவாட்டில் நீட்டுங்கள், உங்களால் முடிந்த அளவு மெதுவாக. தாளம் இழுத்துக்கொண்டு போகாதபோது தொடை நடுங்கும், மூச்சு எங்கே நிற்கிறது என்று தெரியும். அவர் ஏன் அவ்வளவு மெதுவான அசைவைக் கேட்டார் என்பதை எந்தப் புத்தகத்தையும்விட இது நன்றாகச் சொல்லிக்கொடுத்தது. இடுபணியில் என் மிகச் சிறந்த பத்தி அங்கிருந்துதான் வந்தது.

மரபுரிமை பற்றிய கேள்வி கட்டாயம் வரும். "பலருக்கு உந்துதலாக இருந்தார்" என்று பொதுவாகச் சொன்னால் மதிப்பெண் கிடைக்காது. ஆளைக் காட்டுங்கள். அவருடைய குழுவில் ஆடிய பத்மினி செட்டூர் பிறகு தனக்கென்று ஒரு தற்கால நடன மொழியை உருவாக்கினார். இங்கேயே ஓர் ஒப்பீடும் இருக்கிறது. பாலே, நவீன நடனம், பரதம், ஒடிசி எல்லாம் கற்ற மலேசியக் கலைஞர் ரம்லி இப்ராஹிம் 1983இல் சுத்ரா என்ற நடனக் குழுவைத் தொடங்கினார். மரபுக்குள் இருந்துகொண்டே புதிதாகச் செய்ய முடியுமா என்ற கேள்விக்கு சந்திரலேகாவும் ரம்லியும் தந்த பதில் வேறு வேறு. தித்திவங்சாவில் சுத்ராவின் ஒரு நிகழ்ச்சியாவது நேரில் பார்த்துவிட்டு அதைப் பற்றிப் பேசுங்கள்.

தேர்வு அறைக்குச் சௌகரியமான உடையில் போங்கள். என்னை எழுந்து செய்துகாட்டச் சொன்னார்கள், மீதி நேரம் முழுக்க அதைப் பற்றியே பேச்சு ஓடியது.