எருசலேம் தப்பிய ஆண்டில் வீழ்ந்த லாகீஸ்: ஒரு திருப்பயண அனுபவம்

அசீரிய ராஜாவாகிய சனகெரிப் யூதாவின்மேல் படையெடுத்து வந்த வரலாறு நம்முடைய சபைகளில் அடிக்கடி பிரசங்கிக்கப்படுகிற வேதபகுதி. யூதாவின் ராஜாவாகிய எசேக்கியா எதிரியின் நிருபத்தைக் கர்த்தருடைய ஆலயத்தில் விரித்துவைத்து ஜெபித்ததையும், ஏசாயா தீர்க்கதரிசி ஆறுதலின் வார்த்தையைச் சொல்லியனுப்பியதையும், கர்த்தருடைய தூதன் ஒரே இரவில் அசீரியரின் பாளயத்தில் 1,85,000 பேரைச் சங்கரித்ததையும் சிறுவயது முதல் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். ஆனால் அந்த வரலாற்றை 2 இராஜாக்கள் 18ஆம் அதிகாரத்திலிருந்து நிதானமாக வாசிக்கிறவர்களுக்கு, எருசலேமை மிரட்டிய அசீரிய அதிகாரியாகிய ரப்சாக்கே லாகீசிலிருந்து அனுப்பப்பட்டு வந்தான் என்பது தெரியும். லாகீஸ், யூதா ராஜ்யத்தில் எருசலேமுக்கு அடுத்த பெரிய அரணான பட்டணம். அது கி.மு. 701இல் அசீரியரிடம் வீழ்ந்தது. பரிசுத்த நாட்டுக்குச் செல்லும் பாக்கியத்தைக் கர்த்தர் எனக்கு அருளியபோது, பெத்லகேமையும் நாசரேத்தையும் கலிலேயாக் கடலையும் காணும் ஆவலோடு, இந்த வீழ்ந்த பட்டணத்தின் மேட்டிலும் நின்று ஜெபிக்க வேண்டும் என்ற பாரம் என் உள்ளத்தில் இருந்தது. எங்களை அழைத்துச் சென்ற ஆயர் அந்த வேண்டுகோளை ஏற்று, பயணத்திட்டத்தில் லாகீசைச் சேர்த்தார்.

போரின் காரணத்தை முதலில் சொல்லிவிடுவது நல்லது. கி.மு. 722 அளவில் வடக்கு ராஜ்யமான இஸ்ரவேலின் தலைநகரம் சமாரியா அசீரியரிடம் வீழ்ந்தது. யூதா கப்பம் கட்டிப் பிழைத்திருந்தது. கி.மு. 705இல் அசீரியாவின் இரண்டாம் சர்கோன் போர்க்களத்தில் மாண்டவுடன், அடங்கிக் கிடந்த தேசங்கள் பல ஒரே காலத்தில் எழும்பின. எசேக்கியாவும் அசீரியனைச் சேவிக்க மறுத்தார். பெலிஸ்தரைக் காசா மட்டும் முறிய அடித்தார் என்று வேதமே சொல்லுகிறது. அசீரியருக்கு உண்மையாயிருந்த, பெலிஸ்தப் பட்டணமான எக்ரோனின் ராஜாவாகிய பாதி என்பவனை, அவனுடைய சொந்த ஜனங்களே விலங்கிட்டு எசேக்கியாவிடம் ஒப்புக்கொடுத்தார்கள் என்று சனகெரிப் தன் படையெடுப்புகளைப் பொறித்துவைத்த களிமண் பட்டகம் கூறுகிறது. ஆகவே இதை ஒரு பாவமும் அறியாத சிறு ராஜ்யத்தின்மேல் பெரும் சாம்ராஜ்யம் பாய்ந்த கதையாக மட்டும் வாசிக்க முடியாது. எகிப்தின் உதவியை நம்பி, அண்டை ராஜ்யங்களோடு சேர்ந்தும் மோதியும் யூதா எடுத்த அரசியல் முடிவுகளும் இதில் உண்டு. அந்த முடிவுகளை ஏசாயா கடுமையாகக் கண்டித்தார்.

எங்கள் திட்டப்படி எருசலேமே முதலில் வந்தது. பழைய நகரத்தின் யூதர் பகுதியில், வீடுகளுக்கு நடுவே தரைமட்டத்துக்குக் கீழே, ஏறக்குறைய 7 மீட்டர் அகலமும் 65 மீட்டர் நீளமும் கொண்ட ஒரு மதிலின் அடிப்பாகம் திறந்து வைக்கப்பட்டிருக்கிறது. 1970களில் அகழ்ந்தெடுக்கப்பட்ட இதை எசேக்கியா காலத்து அலங்கம் என்று கருதுகிறார்கள். மதிலின் கீழே, அதற்கு வழிவிடுவதற்காக இடிக்கப்பட்ட வீடுகளின் சுவர்களும் தெரிகின்றன. அலங்கத்தை அரணிப்பாக்க நீங்கள் வீடுகளை இடித்தீர்கள், ஆனால் இதைச் செய்தவரை நோக்காமற்போனீர்கள் என்று ஏசாயா 22ஆம் அதிகாரத்தில் கடிந்துகொண்டது இந்த மதில் எழும்பிய நாட்களைப் பற்றித்தான் என்று பலர் எண்ணுகிறார்கள். இரட்சிப்பின் கதையிலும் வீடிழந்த குடும்பங்கள் இருந்தன என்பதை நான் அதுவரை எண்ணிப்பார்த்ததில்லை.

அங்கிருந்து தாவீதின் நகரத்துக்கு இறங்கினோம். கீகோன் ஊற்று மதிலுக்கு வெளியே இருந்ததால், முற்றுகை வந்தால் எதிரி தண்ணீரைக் கைப்பற்றுவான். உள்ளே இருப்பவர்கள் தாகத்தால் சாவார்கள். ஆகவே எசேக்கியா வெளியிலிருந்த ஊற்றுகளைத் தூர்த்து, கீகோனின் தண்ணீரை மலையின் வயிற்றுக்குள் 533 மீட்டர் தூரம் கொண்டுவந்து சீலோவாம் குளத்தில் விட்டார். இரண்டு முனைகளிலிருந்தும் இரண்டு கூட்டத்தார் வெட்டிக்கொண்டு வந்து, நேர்கோட்டில் இல்லாமல் வளைந்து வளைந்து, நடுவில் ஒருவரையொருவர் சந்தித்திருக்கிறார்கள். ஊற்றிலிருந்து குளத்துக்கு உள்ள இறக்கம் ஏறத்தாழ 30 சென்டிமீட்டர் மட்டுமே என்பதை நினைத்தால் அந்த வேலையின் நுட்பம் விளங்கும்.

டார்ச் விளக்குகளை ஏந்திக்கொண்டு நாங்கள் வரிசையாக உள்ளே இறங்கினோம். தொடக்கத்தில் தொடை வரை வந்த தண்ணீர் பிறகு முழங்காலுக்குக் கீழே தணிந்தது. இரு தோள்களும் பாறையில் உரசுகின்றன. சில இடங்களில் தலை குனிந்தே நடக்க வேண்டும். சுவரெங்கும் உளியின் கீறல்கள் நேற்று வெட்டியவைபோலத் தெளிவாயிருக்கின்றன. ஓரிடத்தில் அந்தக் கீறல்களின் திசை மாறுகிறது, இரு கூட்டத்தாரும் சந்தித்த இடம் அதுதான். 1880இல் இங்கே சிறுவர்கள் கண்ட எபிரெயக் கல்வெட்டு இப்போது இஸ்தான்புல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இன்னும் மூன்று முழம் வெட்டவேண்டியிருக்கையில் ஒருவன் தன் தோழனைக் கூப்பிடும் சத்தம் பாறையின் ஊடாகக் கேட்டது என்றும், தண்ணீர் 1,200 முழம் ஓடியது என்றும் அது சொல்லுகிறது. நமக்குக் கிடைத்துள்ள வரிகளில் ராஜாவின் பெயர் இல்லை; வெட்டினவர்களின் குரல் இருக்கிறது. எங்களில் ஒருவர் “தேவன் நமக்கு அடைக்கலமும் பெலனும், ஆபத்துக்காலத்தில் அநுகூலமான துணையுமானவர்” என்ற 46ஆம் சங்கீதத்தைத் தொடங்க, மற்றவர்கள் சேர்ந்துகொண்டோம். “ஒரு நதியுண்டு, அதின் நீர்க்கால்கள் தேவனுடைய நகரத்தைச் சந்தோஷிப்பிக்கும்” என்ற வசனத்தின் பொருளை, அந்தத் தண்ணீருக்குள் நின்றுகொண்டு சொன்னபோதுதான் நான் முழுமையாக உணர்ந்தேன். பிறவிக்குருடனை ஆண்டவர் கழுவும்படி அனுப்பிய குளமும் இந்தத் தண்ணீரால் நிறைந்ததுதான் என்பதால், வெளியே வந்தவுடன் யோவான் 9ஆம் அதிகாரத்தை வாசித்து ஸ்தோத்திரம் செய்தோம்.

மதிலுக்கு வெளியே, வண்ணார் துறையின் வழியிலுள்ள மேற்குளத்துச் சாலகத்தண்டையில் ரப்சாக்கே நின்று பேசியதை ஆயர் அன்று மாலை எங்களுக்கு விளக்கினார். போர்முறை என்று பார்த்தால், அம்பு எய்வதற்கு முன்பே எய்யப்பட்ட ஆயுதம் அந்தப் பேச்சு. எகிப்து நெரிந்த நாணற்கோல், ஊன்றுகிறவனுடைய உள்ளங்கையில் பாயும் என்றான்; ஏறுவதற்கு உன்னிடம் ஆட்கள் இருந்தால் இரண்டாயிரம் குதிரைகளை நானே தருகிறேன் என்று பரிகாசம் பண்ணினான். எசேக்கியாவின் அதிகாரிகளான எலியாக்கீமும் செப்னாவும் யோவாகும் சீரிய பாஷையில் பேசும்படி கெஞ்சியபோது, அலங்கத்தின்மேல் உட்கார்ந்திருந்த எளிய மனிதருக்குக் கேட்கட்டும் என்று வேண்டுமென்றே யூத பாஷையில் உரத்துக் கத்தினான். ஜனங்களோ ராஜாவின் கட்டளைப்படி ஒரு வார்த்தையும் மறுமொழி சொல்லவில்லை. லாகீசில் நடந்ததை அவர்கள் அதற்குள் கேள்விப்பட்டிருப்பார்கள் என்பதை நினைத்துக்கொண்டால், அந்த மௌனத்துக்கு எவ்வளவு விசுவாசம் வேண்டியிருந்திருக்கும் என்பது புரியும்.

மறுநாள் தென்மேற்கே பயணமானோம். எருசலேமிலிருந்து லாகீஸ் ஏறக்குறைய 40 கிலோமீட்டர். தாவீது கோலியாத்தை எதிர்கொண்ட ஏலா பள்ளத்தாக்கு வழியில் வருகிறது; அங்கே சிறிது நேரமே நின்றோம். கடற்கரைச் சமவெளியிலிருந்த பெலிஸ்தருக்கும் மலைநாட்டு இஸ்ரவேலருக்கும் நடுவிலுள்ள இந்தத் தாழ்ந்த குன்றுகள் வழியாகத்தான் படைகள் ஏறிவந்தன என்பதை வண்டியிலிருந்து பார்த்தாலே அறியலாம். குன்றுகளுக்கு இடையேயான பள்ளத்தாக்குகளைக் காக்கும் பூட்டாக லாகீஸ் இருந்தது. இப்போது சுற்றிலும் திராட்சத் தோட்டங்கள் விரிந்திருக்க, நடுவே தனித்த மேடாக உயர்ந்து நிற்கிறது.

மேட்டின் தென்மேற்கு மூலையில் அசீரியர் எழுப்பிய முற்றுகை மேடு இன்றும் இருக்கிறது. மற்றப் பக்கங்களில் சரிவு செங்குத்தாயிருக்க, இந்த மூலையில் மட்டும் பக்கத்துக் குன்று பட்டணத்தைத் தொட்டுக்கொண்டிருப்பதால், அவர்கள் இங்கே கற்களைக் குவித்து, இடிகருவிகளை மதில்வரை ஏற்றிச்செல்லும் சரிவுப்பாதையை உண்டாக்கினார்கள். அசீரிய முற்றுகை மேடு என்று அகழாய்வில் உறுதிப்பட்டது உலகில் இது ஒன்றுதான். கற்கள் பெரும்பாலும் ஒரு மனிதன் கையில் தூக்கி அடுத்தவனிடம் கொடுக்கக்கூடிய அளவானவை, சராசரியாக 6.5 கிலோ என்று ஆய்வாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். உள்ளே இருந்தவர்களும் கைகட்டி நிற்கவில்லை. மதில் இடிந்தாலும் இரண்டாவது தடை இருக்கும்படி, உள்பக்கத்தில் மண்ணைக் குவித்து எதிர்மேடு ஒன்றை உயர்த்தினார்கள். இடிகருவியின் முனையைச் சிக்கவைத்து இழுப்பதற்குப் பயன்பட்டிருக்கக்கூடிய இரும்புச் சங்கிலித்துண்டும், நூற்றுக்கணக்கான அம்புமுனைகளும், உருண்டையான கவண்கற்களும் இங்கே கிடைத்தன.

அந்த முற்றுகையின் காட்சியை சனகெரிப் நினிவேயிலுள்ள தன் அரண்மனைச் சுவரில் கற்பலகைகளாகச் செதுக்கிவைத்தான். 1840களில் தோண்டியெடுக்கப்பட்டு இப்போது லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கும் அவற்றின் படங்களை நான் அச்செடுத்துக் கொண்டுபோயிருந்தேன். மேட்டின்மேல் நின்று அந்தப் படங்களையும் எதிரேயுள்ள மண்ணையும் மாறிமாறிப் பார்த்தோம். மதிலின்மேலிருந்து எரியும் பந்தங்கள் விழுகின்றன; இடிகருவி தீப்பற்றாதபடி ஒரு சேவகன் நீண்ட அகப்பையால் தண்ணீர் ஊற்றுகிறான்; சிலர் கழுமரத்தில் ஏற்றப்பட்டிருக்கிறார்கள். அதற்கப்பால் பட்டணத்தார் புறப்பட்டுப் போகிறார்கள். மாட்டுவண்டியில் மூட்டைகளின்மேல் பெண்களும் குழந்தைகளும் அமர்ந்திருக்க, முக்காடிட்ட பெண்கள் பின்னே நடந்து செல்லுகிறார்கள். ராஜா சிங்காசனத்தில் இருந்து கொள்ளையைப் பார்வையிடுகிறான். அவனுடைய முகத்தைப் பிற்காலத்தில் யாரோ சிதைத்துவிட்டார்கள். அரணான 46 பட்டணங்களைப் பிடித்து 2,00,150 பேரை வெளியே கொண்டுவந்ததாகவும், எசேக்கியாவைக் கூண்டுப் பறவைபோல எருசலேமில் அடைத்ததாகவும் பெருமை பேசுகிற அவனுடைய பட்டகம், எருசலேமைப் பிடித்ததாக எங்கும் சொல்லவில்லை. அரண்மனைச் சுவரில் அவன் லாகீசைச் செதுக்கியதற்கும் அதுவே காரணமாயிருக்கலாம்.

பட்டணத்துக்கு வெளியே, சரிவிலுள்ள குகைகளில் ஏறக்குறைய 1,500 பேருடைய எலும்புகள் 1930களின் அகழாய்வில் கண்டெடுக்கப்பட்டன. பெண்களும் குழந்தைகளும் அவர்களில் உண்டு. ஆய்வாளர் பலர் இவர்களை இந்தப் போரில் மாண்டவர்களென்றே கருதுகிறார்கள். இதை ஆயர் சொல்லி முடித்தபோது, எங்களோடு வந்த முதிய தாயார் ஒருவர், “ஐயா, இவங்களும் ஜெபம் பண்ணியிருப்பாங்களே?” என்று கேட்டார்.

ஆயர் எளிதான பதில் ஒன்றைச் சொல்லி அந்தக் கேள்வியை மூடிவிடாததற்காக நான் இன்றுவரை நன்றியுள்ளவனாயிருக்கிறேன். லாகீசின் பாவத்தால்தான் அது அழிந்தது, எருசலேமின் நீதியால்தான் அது தப்பியது என்று சொல்லியிருந்தால் அது வேதத்துக்கும் பொருந்தியிருக்காது. எருசலேம் தப்புவதற்கு முன்பு எசேக்கியாவே லாகீசிலிருந்த சனகெரிப்பிடம் ஆளனுப்பி, நான் குற்றஞ்செய்தேன், என்னைவிட்டுத் திரும்பிப்போம் என்று பணிந்து, 300 தாலந்து வெள்ளியும் 30 தாலந்து பொன்னும் கொடுக்க ஒப்புக்கொண்டு, ஆலயத்தின் கதவுகளிலிருந்த பொன்தகட்டையும் கழற்றினார். ஆயர் மீகாவின் முதலாம் அதிகாரத்தைத் திறந்தார். மீகா எருசலேம் பட்டணத்தான் அல்ல; லாகீசுக்கு அதிகத் தொலைவில்லாத மொரேசா ஊரான். அந்த அதிகாரத்தில் அவர் தன் பக்கத்து ஊர்களைப் பெயர் பெயராகச் சொல்லி அழுகிறார். லாகீசைக் கடிந்துகொள்ளுகிறார், கடிந்துகொள்ளுகிறவரே வஸ்திரமில்லாமல் நடந்து ஓரியை (நரியை)ப்போலப் புலம்புவேன் என்றும் சொல்லுகிறார். சிறைப்பட்டுப்போன உன் செல்லப் பிள்ளைகளுக்காகத் தலையை மொட்டையடித்துக்கொள் என்று முடிக்கிறார். அந்த மாட்டுவண்டிகளின்மேல் இருந்த பிள்ளைகளுக்காகவே எழுதப்பட்டதுபோல அந்த வசனம் எங்களுக்குக் கேட்டது. தப்புவிக்கப்பட்டவர்களின் ஸ்தோத்திரத்தையும் தப்பாதவர்களின் புலம்பலையும் ஒரே வேதபுஸ்தகத்தில் கர்த்தர் காத்து வைத்திருக்கிறார். ஒன்றை மட்டும் பிரசங்கித்து மற்றதை விட்டுவிடும் உரிமை நமக்கு இல்லை என்பது என் உறுதியான எண்ணம்.

பட்டயங்களை மண்வெட்டிகளாகவும் ஈட்டிகளை அரிவாள்களாகவும் அடிப்பார்கள், இனி யுத்தத்தைக் கற்பதுமில்லை என்ற வாக்கை ஏசாயாவைப்போல மீகாவும் எழுதியிருக்கிறார். தன் ஊரைச் சுற்றிலும் பட்டணங்கள் எரிந்ததை அறிந்த ஒருவருடைய புஸ்தகத்தில் அந்த வாக்கு இருப்பதால், அதை நான் இப்போது இன்னும் பயபக்தியோடு வாசிக்கிறேன்.

இறங்கும்போது பட்டண வாசலில் நின்றோம். ஆறு அறைகள் கொண்ட அந்தப் பெரிய வாசலின் ஓர் அறையில், கொம்புகள் வெட்டப்பட்ட சிறு பலிபீடங்கள் 2016இல் கண்டெடுக்கப்பட்டதாக அறிவித்தார்கள். பிற வழிபாட்டு மேடைகளை அகற்றிய எசேக்கியாவின் சீர்திருத்தத்தோடு அதை அகழ்ந்தவர்கள் இணைத்தார்கள். மீண்டும் கட்டப்பட்ட இதே பட்டணம் பாபிலோன் ராஜாவாகிய நேபுகாத்நேச்சாரின் காலத்தில் மறுபடியும் எரிந்தது. அந்த நாட்களில் பானை ஓடுகளின்மேல் மையால் எழுதப்பட்ட கடிதங்கள் 1935இல் வாசலருகே கிடைத்தன. லாகீசின் அடையாளத் தீயையே நோக்கியிருக்கிறோம், பக்கத்து அரணான பட்டணமாகிய அசெக்காவைக் காணமுடியவில்லை என்று அவற்றுள் ஒன்று சொல்லுகிறது.

பரிசுத்த நாட்டுக்குப் போகிற சபையார் இந்த மேட்டுக்கு அரை நாளாவது ஒதுக்கும்படி கேட்டுக்கொள்ளுகிறேன். நிழல் குறைவு என்பதால் காலையிலேயே சென்றுவிடுவது நல்லது. தொப்பியும் போதிய தண்ணீரும் அவசியம். மீகா 1ஆம் அதிகாரத்தை வாசலில் வாசித்து, முற்றுகை மேட்டின்மேல் நின்று ஜெபித்துவிட்டு, அதன்பின் எருசலேமுக்குச் சென்று சுரங்கத்தில் நடந்து, சீலோவாம் குளத்தண்டையில் 2 இராஜாக்கள் 19ஆம் அதிகாரத்தை வாசியுங்கள். சுரங்கத்துக்கு நனைந்தாலும் வழுக்காத செருப்பும் ஆளுக்கொரு டார்ச்சும் தேவை. முழங்கால் வலியுள்ள முதியவர்கள் அதே இடத்தில் தண்ணீரில்லாத கானானியர் காலச் சுரங்கத்தின் வழியாக வரலாம்.