கேண்டஸ் ஹில்லிகாஸ்: ஒரு பேய்ப்படத்தின் நாயகி

நியூயார்க்கில் நடிப்புப் பயின்ற கேண்டஸ் ஹில்லிகாஸ், 1962இல் வெளியான 'கார்னிவல் ஆஃப் சோல்ஸ்' என்ற பேய்ப்படத்தில் தேவாலய ஆர்கன் இசைக்கலைஞராக நடித்தார். கான்சாஸ் மாநிலத்து லாரன்ஸ் நகரில் கல்விப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்த ஹெர்க் ஹார்வி, யூட்டா மாநிலத்தின் பேருப்பேரி (கிரேட் சால்ட் லேக்) கரையில் பாழடைந்து நின்ற சால்ட்ஏர் கேளிக்கை அரங்கைக் கண்டு, சொற்பச் செலவில் இயக்கிய ஒரே முழுநீளக் கதைப்படம் அது. அலறலை அதிகம் நம்பாமல், மனிதர்கள் நடுவே அந்நியமாகிப்போன ஒருத்தியின் வெறித்த பார்வையாலேயே அச்சமூட்டிய ஹில்லிகாஸின் நடிப்பு, பெயர்பெற்ற திகில் நாயகியர் பலருடையதைவிட நுட்பமானது என்பேன். 1964இல் இன்னொரு திகில் படத்தில் நடித்தார் (பின்னாளில் 'ஜாஸ்' படத்தில் நடித்த ராய் ஷைடரின் முதல் படமும் அதுதான்). அத்துடன் அவருடைய திரைவாழ்வு ஏறக்குறைய முடிந்துவிட்டது. பின்னிரவுத் தொலைக்காட்சி ஒளிபரப்புகளால் மெல்ல ரசிகர்களைச் சேர்த்த 'கார்னிவல் ஆஃப் சோல்ஸ்' 1989இல் மீண்டும் திரையரங்குகளுக்கு வந்த பிறகே விமர்சகர்கள் அவரைப் பொருட்படுத்திப் பேசத் தொடங்கினார்கள்.