கூந்தன்குளம் படப்பிடிப்பு: நாட்குறிப்பு

ஜனவரி 18

இந்த ஆண்டு வடகிழக்குப் பருவமழை ஏமாற்றவில்லை. திருநெல்வேலி மாவட்டத்தின் இந்தப் பறவைகள் சரணாலயத்தில் குளம் நிறைந்திருக்கிறது. தண்ணீருக்குள் நிற்கும் கருவேல மரங்களுக்குக் கூழைக்கடாக்கள் கூடு கட்டச் சுள்ளி கொண்டுவரத் தொடங்கிவிட்டன. கண்காணிப்புக் கோபுரத்தில் ஏறி நின்றால் அழகான காட்சிகள் கிடைக்கும். அப்படிப்பட்ட காட்சிகள் ஏற்கெனவே ஏராளமாக இருக்கின்றன. நான் தெருவுக்குள் கேமராவை வைக்கப்போகிறேன்.

ஜனவரி 26

முற்றத்து வேப்பமரம் முழுவதும் மஞ்சள்மூக்கு நாரைக் கூடுகள். தரையெல்லாம் எச்சம், குஞ்சுக்கு ஊட்டும்போது தவறி விழுந்த மீன் வெயிலில் நாறுகிறது. அந்த வீட்டு ஆச்சி விடிந்ததும் பெருக்குகிறார், மதியமும் பெருக்குகிறார். கொடிக்கயிற்றைக்கூட வீட்டின் பின்பக்கம் மாற்றிக் கட்டிவிட்டார். நாற்றம் தொந்தரவாக இல்லையா என்று கேட்டேன். “பிள்ளைப்பேற்றுக்கு வந்த மகளிடம் வாடை அடிக்கிறது என்று சொல்ல முடியுமா?” என்றார். தீபாவளிக்கும் வெடி வெடிக்காத ஊர் இது. அந்தப் பெருமையை எல்லோரும் எழுதுகிறார்கள். இந்தத் துடைப்பத்தைப் பற்றி யாரும் எழுதவில்லை. இதை நீளமாகவே எடுத்திருக்கிறேன், வெட்டமாட்டேன்.

பிப்ரவரி 9

காற்று. ஒலிப்பதிவு நடக்கவில்லை. கூட்டிலிருந்து விழுந்த குஞ்சு ஒன்றைச் சிறுவர்கள் துண்டில் ஏந்தி வந்தார்கள். மீன் ஊட்டினால் விழுங்குகிறது.

பிப்ரவரி 22

மடையருகே ஒரு விவசாயி அண்ணாச்சியுடன் மாலை வரை பேசினேன். மணிமுத்தாறு, பச்சையாறு அணைகளிலிருந்து வாய்க்கால் வழியாக வரும் தண்ணீர்தான் இந்தக் குளத்துக்கு உயிர். எச்சம் கலந்த குளத்து நீர் வயலுக்கு உரமாகிறது. பறவையால் பயிருக்கு லாபம் என்று எல்லோரும் சொல்வது உண்மைதான். ஆனால் பிசானப் பருவ நெல்லுக்குக் கடைசித் தண்ணீர் வேண்டிய நேரத்தில் கூடுகளில் குஞ்சுகளும் இருக்கின்றன. நீர்வரத்து குறைந்த ஆண்டில் மடையைத் திறப்பதா, அடைப்பதா? அந்தச் சங்கடம் முழுவதும் ஊரார் தலையில் விழுகிறது.

இதை 1994இல் சரணாலயமாகவும், 2022இல் உலக அளவில் முக்கியமான ‘ராம்சார்’ ஈரநிலமாகவும் அறிவித்தார்கள். மகிழ்ச்சியான செய்திதான். ஆனால் சரணாலயப் பரப்பு கூந்தன்குளம், காடன்குளம் இரண்டும் சேர்ந்து சுமார் 129 ஹெக்டேர். அவற்றை நிரப்பும் வாய்க்கால் அந்த எல்லைக்கு வெளியே நெடுந்தூரம் ஓடுகிறது. வாய்க்காலைக் காப்பாற்றாமல் குளத்தை மட்டும் காப்பாற்ற முடியாது. என் படம் சொல்ல வேண்டியது இதுதான்.

மார்ச் 5

பட்டைத்தலை வாத்துகள் இமயத்தைத் தாண்டித் திரும்பும் காலம் நெருங்குகிறது. அந்தக் காட்சியோடு படத்தைத் தொடங்கச் சொல்கிறார் தயாரிப்பாளர். நான் மறுத்துவிட்டேன். முதல் காட்சி வாய்க்கால்தான்.

நாளை மணிமுத்தாறு வரை வாய்க்கால் கரையோடு போகிறோம். அண்ணாச்சி வழிகாட்ட வருகிறார். கரை சரிந்த இடம், ஆகாயத்தாமரை அடைத்துக்கொண்ட இடம் என்று தாளில் குறித்துவைத்திருக்கிறார். ஓரிடத்தையும் விடாமல் படமாக்க வேண்டும் என்பது அவருடைய நிபந்தனை. ஒப்புக்கொண்டேன்.