கோலங்கள் ஓரிடம், எதிர்நீச்சல் வேறிடம்

ஒரு தமிழ்த் தொலைக்காட்சித் தொடர் இணையத்தில் எங்கே கிடைக்கும் என்று தேடுபவர், தொடரின் பெயரைத் தட்டச்சு செய்வதற்கு முன்பு, அது யாருக்குச் சொந்தம் என்ற கேள்வியைக் கேட்டுக்கொள்வது நல்லது. அதற்கு விடை கிடைத்துவிட்டால் தேடல் பெரும்பாலும் அங்கேயே முடிந்துவிடும். எங்கள் குடும்பத்தில் யாருக்கு எந்தத் தொடர் வேண்டுமென்றாலும் என்னைத்தான் அழைப்பார்கள் என்பதால், தேடித் தேடி நான் கண்டறிந்த வழி இதுதான்.

இரண்டு தொடர்களை எடுத்துக்கொள்வோம். இரண்டையும் இயக்கியவர் திருச்செல்வம். இரண்டும் சன் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானவை. 2003 நவம்பரில் தொடங்கி 2009 டிசம்பர் வரை ஓடிய 'கோலங்கள்' 1,533 பகுதிகளைக் கொண்டது. 'எதிர்நீச்சல்' 2022இல் தொடங்கி 2024இல் முடிந்தது. ஒரே இயக்குநர், ஒரே தொலைக்காட்சி என்பதால் இரண்டும் ஒரே செயலியில் இருக்கும் என்றுதான் யாரும் எண்ணுவார்கள். ஆனால் கோலங்களைப் பார்க்க விகடன் நிறுவனத்தின் யூடியூப் சேனலுக்குப் போக வேண்டும். எதிர்நீச்சலின் முழுப் பகுதிகளுக்கு சன் நெக்ஸ்ட் செயலிக்குப் போக வேண்டும். சன் தொலைக்காட்சியின் யூடியூப் சேனலில் தேடினால் எதிர்நீச்சலின் முன்னோட்டங்களும் சில நிமிடக் காட்சித் துணுக்குகளும்தான் கண்ணில் படும்.

இந்த வேறுபாட்டுக்குக் காரணம், தொடர்கள் தயாரிக்கப்பட்ட முறை. தொண்ணூறுகளிலும் அதற்கு அடுத்த பத்தாண்டிலும் சன் தொலைக்காட்சியில் பல தொடர்கள் 'ஸ்லாட்' முறையில் ஒளிபரப்பாயின. தயாரிப்பு நிறுவனம் சேனலுக்குக் கட்டணம் செலுத்தி அரை மணி நேரத்தை வாங்கும். அதற்குள் வரும் விளம்பர நேரத்தைத் தானே விற்றுச் செலவை ஈடுகட்டும். தொடரின் உரிமை பெரும்பாலும் அந்த நிறுவனத்திடமே தங்கிவிடும். அப்போது தொலைக்காட்சிக்கு வெளியே அந்த உரிமைக்குப் பெரிய மதிப்பு இருக்கவில்லை. யூடியூப் வந்த பிறகு, ஒளிநாடாக்களைப் பத்திரமாக வைத்திருந்த நிறுவனங்களுக்கு அதுவே சொத்தாகிவிட்டது. கோலங்களைத் தயாரித்தது விகடன் டெலிவிஸ்டாஸ். ஆகவே அது விகடனிடம் இருக்கிறது. 'சித்தி', 'அண்ணாமலை', 'செல்வி', 'அரசி' ஆகியவை ராதிகாவின் ராடான் நிறுவனத்தின் தயாரிப்புகள். ஆகவே அவற்றை ராடானின் சேனலில் தேட வேண்டும். பிற்காலத்தில் சேனலே பணம் கொடுத்துத் தொடர்களைத் தயாரிக்கச் சொல்லி, உரிமையையும் தன்னிடமே வைத்துக்கொள்ளும் முறை வலுப்பெற்றது. அப்படி உருவானவை சேனலின் சொந்தச் செயலிக்குள் போய்விடுகின்றன.

எனவே பழைய தொடர் ஒன்றைத் தேடும்போது, அதன் டைட்டில் பாடலின் முடிவில் யாருடைய பெயர் வந்தது என்பதை நினைவுபடுத்திப் பாருங்கள். நினைவில்லை என்றால், எங்காவது கிடைக்கும் ஒரு சிறு துணுக்கை ஓடவிட்டு, தயாரிப்பாளர் பெயர் வரும் இடத்தில் நிறுத்திப் பாருங்கள். பிறகு அந்த நிறுவனத்தின் சேனலுக்குள் நுழைந்து, காணொளிகள் என்ற பகுதியை விட்டுவிட்டு, பிளேலிஸ்ட் என்ற பகுதியைத் திறக்க வேண்டும். பல நூறு பகுதிகள் கொண்ட ஒரு தொடரை ஒழுங்காகப் பார்க்க வேறு வழியில்லை. யூடியூப்பின் பரிந்துரையை நம்பினால் நாற்பதாவது பகுதிக்குப் பிறகு முந்நூறாவது பகுதி வந்து நிற்கும்.

இந்த வழி எனக்கு மிகவும் பயன்பட்டது 'மர்மதேசம்' விஷயத்தில்தான். கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள் தயாரிப்பில், இந்திரா சௌந்தர்ராஜன் எழுத்தில் வந்த அந்தத் தொடரின் பகுதிகள் இன்று பாலசந்தரே தொடங்கிய திரைப்பட நிறுவனமான கவிதாலயாவின் யூடியூப் சேனலில் உள்ளன. ஆனால் மர்மதேசம் என்பது ஒரே கதையன்று. 'ரகசியம்', 'விடாது கருப்பு', 'சொர்ண ரேகை', 'இயந்திரப் பறவை', 'எதுவும் நடக்கும்' என்று ஐந்து தனித்தனிக் கதைகளுக்கு அதுவே பொதுப் பெயர். ஒவ்வொரு கதையும் முதல் பகுதியிலிருந்து தொடங்குவதால், 'மர்மதேசம் முதல் பகுதி' என்று தேடுபவர் எந்தக் கதைக்குள் போய் விழுவார் என்று சொல்ல முடியாது. குதிரையில் வரும் கருப்பசாமியைத் தேடுபவர்கள் 'விடாது கருப்பு' என்றே தேட வேண்டும். நாகா இயக்கிய முதல் இரண்டு கதைகளையும் அவை வெளிவந்த வரிசையிலேயே பார்ப்பது சிறப்பு. படம் பழைய சதுரச் சட்டகத்தில், சற்று மங்கலாகத்தான் இருக்கும். அதைத் தொலைக்காட்சித் திரை முழுவதும் இழுத்து நிரப்பினால் முகங்கள் அகன்று, அந்த ஒளிப்பதிவின் அழகெல்லாம் கெட்டுவிடும். இரு பக்கமும் கருப்புப் பட்டை இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும். 2024 நவம்பரில் இந்திரா சௌந்தர்ராஜன் மறைந்த பிறகு, இத்தொடரை முதல்முறையாகப் பார்க்க விரும்பிய இளைஞர்கள் சிலர் என்னிடம் வழி கேட்டார்கள். அவர்களுக்கு இது பணம் செலுத்தாமல், முறையான இடத்திலேயே கிடைக்கிறது என்பதில் எனக்கு உண்மையான மகிழ்ச்சி.

இப்போது ஓடிக்கொண்டிருக்கும் தொடர்களைப் பொறுத்தவரை சேனலின் பெயர் தெரிந்தாலே போதும். சன் என்றால் சன் நெக்ஸ்ட், ஜீ தமிழ் என்றால் ஜீ5, விஜய் என்றால் ஜியோஹாட்ஸ்டார். சிக்கல் செயலிகளின் பெயர் மாற்றத்தில்தான் இருக்கிறது. ஹாட்ஸ்டார் 2020இல் டிஸ்னி பிளஸ் ஹாட்ஸ்டார் ஆனது. 2025 பிப்ரவரியில் ஜியோசினிமாவுடன் இணைந்து ஜியோஹாட்ஸ்டார் ஆனது. கலர்ஸ் தமிழின் நேயர்கள் பாடு இன்னும் கடினம். அவர்கள் வூட் செயலியிலிருந்து ஜியோசினிமாவுக்கும், அங்கிருந்து ஜியோஹாட்ஸ்டாருக்கும் மாற வேண்டியிருந்தது. ஆகவே எங்கே பார்க்கலாம் என்று விளக்கும் கட்டுரை எதுவாக இருந்தாலும், முதலில் அது எழுதப்பட்ட தேதியைப் பாருங்கள். ஈராண்டுக்கு முந்தைய கட்டுரை உங்களை இல்லாத செயலிக்கு அனுப்பிவைக்கும்.

பெயர் மோதலும் தேடலைத் திசைதிருப்பும். 'எதிர்நீச்சல்' என்று மட்டும் தேடினால் 1968இல் வந்த பாலசந்தரின் படமும், 2013இல் வந்த சிவகார்த்திகேயனின் படமும் குறுக்கே வரும். 'அண்ணாமலை' என்றால் ரஜினிகாந்த் வந்து நிற்பார். 'பாண்டியன் ஸ்டோர்ஸ்' என்ற பெயரில் இரண்டு தொடர்கள் இருக்கின்றன. 2018இல் தொடங்கியது ஒரு குடும்பத்தின் கதை, 2023இல் தொடங்கிய இரண்டாவது வேறொரு குடும்பத்தின் கதை. எதிர்நீச்சலுக்கும் 2024 டிசம்பரிலிருந்து 'எதிர்நீச்சல் தொடர்கிறது' என்ற அடுத்த தொடர் உண்டு. பெயருடன் ஆண்டையும் சேனலையும் ஒரு நடிகரின் பெயரையும் சேர்த்துத் தேடினால் இந்தக் குழப்பம் வெகுவாகக் குறையும். அதிலும் ஒரு நுட்பம் இருக்கிறது. எதிர்நீச்சலில் ஆதி குணசேகரனாக நடித்த மாரிமுத்து 2023 செப்டம்பரில் காலமானார். அவருக்குப் பின் வேல ராமமூர்த்தி அந்தப் பாத்திரத்தை ஏற்றார். மாரிமுத்து இருந்த பகுதிகளை மட்டும் தேடுவோர் பலர். அவர் பெயரை யூடியூப்பில் போட்டால் அவருடைய அதட்டல்களை வெட்டி ஒட்டிய துணுக்குகள் குவியும். முழுப் பகுதி ஒன்றுகூட எளிதில் அகப்படாது. அவருடைய நடிப்பைக் கோவையாகப் பார்க்க விரும்புபவர் சன் நெக்ஸ்டில் முதல் பகுதியிலிருந்து தொடங்குவதே சரி.

உரிமையில்லாதவர்கள் ஏற்றிவைக்கும் பிரதிகளைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். யூடியூப்பின் தானியங்கிச் சோதனை, ஏற்றப்படும் படத்தையும் ஒலியையும் உரிமையாளர் கொடுத்து வைத்திருக்கும் மூலத்துடன் ஒப்பிடும். அதிலிருந்து தப்பிப்பதற்காகச் சிலர் படத்தை இடவலமாகத் திருப்பிவிடுகிறார்கள். கடைப் பெயர்ப்பலகையின் எழுத்துகள் கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாறியிருப்பதையும், வலது தோளில் கிடக்கும் முந்தானையையும் கவனித்தால் இது உடனே தெரியும். வேறு சிலர் படத்தைச் சுற்றி ஒரு பூச்சட்டம் போட்டு, குரலின் சுருதியைக் கூட்டிவிடுகிறார்கள். கோலங்களின் நாயகி தேவயானியின் குரல் ஒரு சிறுமியின் குரலாகிவிடுகிறது. ஆறு ஆண்டுகள் ஒரு குழு உழைத்து எடுத்த தொடரை இப்படிப் பார்ப்பது அந்த உழைப்புக்குச் செய்யும் அநீதி என்றே நான் கருதுகிறேன். செயலியின் கோப்பை வாட்ஸாப்பில் அனுப்பி, நிறுவியவுடன் ஓடிபி கேட்கும் கூட்டத்தைப் பற்றி வீட்டுப் பெரியவர்களை ஒரு முறையாவது எச்சரித்து வையுங்கள். எந்தத் தொடரையும் பார்ப்பதற்கு வங்கியிலிருந்து வரும் ஓடிபியைத் தெரியாத ஒருவரிடம் சொல்ல வேண்டிய தேவையே இல்லை.

சிங்கப்பூரின் வசந்தம் ஒளிவழித் தொடர்களை விரும்புவோருக்கு மீவாட்ச் தளம் உண்டு. தூர்தர்ஷன் காலத்து நிகழ்ச்சிகளை நாடுவோர், பிரசார் பாரதி 2024 நவம்பரில் தொடங்கிய வேவ்ஸ் செயலியையும் ஒரு முறை திறந்து பார்க்கலாம். படங்களும் வலைத்தொடர்களும் எங்கே இருக்கின்றன என்று காட்டும் ஜஸ்ட்வாட்ச் போன்ற தளங்கள் தினத்தொடர்களுக்கு எனக்குப் பெரிதாக உதவியதில்லை.

தயாரிப்பு நிறுவனங்களிடம் எனக்கு ஒரு வேண்டுகோள் இருக்கிறது. நீங்கள் ஏற்றும் ஒவ்வொரு பகுதியின் தலைப்பிலும் தொடரின் பெயரைத் தமிழ் எழுத்திலும் ஆங்கில எழுத்திலும் கொடுங்கள். பகுதி எண்ணையும், முதன்முதலில் ஒளிபரப்பான தேதியையும் சேர்த்துவிடுங்கள். விளக்கக் குறிப்பில் இரண்டு வரிக் கதைச் சுருக்கம் இருந்தால் இன்னும் நல்லது. கோலங்கள் போன்ற தொடரில், அபியும் ஆதியும் முதன்முதலாக எதிரெதிரே நிற்கும் காட்சியைத் தேடுபவர் 1,533 பகுதிகளையும் திறந்து பார்க்க முடியாது. ராடான், விகடன், கவிதாலயா மூன்றிடமும் நாடா இருக்கிறது, உரிமை இருக்கிறது, நேயர்களும் இருக்கிறார்கள். பட்டியல் ஒன்றுதான் பாக்கி; அதை நேயர்களிடம் கேட்டாலே தொகுத்துக் கொடுக்கப் பலர் முன்வருவார்கள், நானும் வருவேன்.