சீஸ் பீன்ஸ் பேக்கும் ஒரு பழைய துண்டும்

முதல்முறை இதைச் செய்து ஓவனிலிருந்து வெளியே எடுத்தபோது நானே சொக்கிப்போனேன். மேலே பொன்னிறம், ஓரமெல்லாம் கொப்பளிக்கும் சீஸ், வீடு முழுக்க வெண்ணெய் வாசனை. பெருமையோடு கரண்டியை விட்டு ஒரு மூலையிலிருந்து அள்ளினேன். அள்ளிய பள்ளத்தில் மெல்லத் தண்ணீர் ஊறிக்கொண்டு வந்தது, ஈரமணலில் குழி தோண்டினால் ஊறுமே, அப்படி. வெளிறிப்போன, பால் கலந்த தண்ணீர், அதன் மேல் மஞ்சளாக எண்ணெய்த் துளிகள். மகள் எட்டிப் பார்த்துவிட்டு, “அம்மா, இது சூப்பா?” என்றாள். கிண்டலாகக் கேட்டிருந்தால்கூடப் பரவாயில்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

அன்றைக்குப் பழியைத் தூக்கி சீஸ் மேல் போட்டேன். மட்டமான சீஸ், அதனால்தான் பிரிந்துவிட்டது என்று எனக்கு நானே சமாதானம். அடுத்த வாரம் நல்ல முற்றிய செடார் கட்டி வாங்கி, கைவலிக்கத் துருவிப் போட்டேன். மறுபடியும் அதே குளம். மூன்றாவது முறைதான் புத்தி வந்தது. பீன்ஸை வேகவைத்து, வடிகட்டி, சொட்டச் சொட்ட அப்படியே சாஸில் கொட்டிக்கொண்டிருந்தேன். பீன்ஸிலேயே பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். போதாததற்கு நாமும் கொஞ்சம் தண்ணீரை மேலே ஒட்டி அனுப்பினால், ஓவனுக்குள் அரைமணி நேரம் இருக்கும்போது அது எங்கே போகும்? சாஸுக்குள்தான் இறங்கும். அதனால் எந்த சீஸ் நல்லது என்று யாராவது கேட்டால், முதலில் பீன்ஸைத் துடைத்தீர்களா என்றுதான் நான் திருப்பிக் கேட்கிறேன். என் சமையலறையில் இதற்கென்றே ஒரு பழைய பருத்தித் துண்டு இருக்கிறது, அதை வேறு எதற்கும் எடுக்க விடுவதில்லை.

சரி, அளவைச் சொல்லிவிடுகிறேன். நான்கு பேருக்குப் பக்க உணவாகப் போதும். பீன்ஸ் அரைக்கிலோ, வெண்ணெய் 30 கிராம், மைதா 25 கிராம், பால் 300 மில்லி, துருவிய சீஸ் 150 கிராம், பூண்டு இரண்டு பல், மிளகுத்தூள், ஒரு சிட்டிகை ஜாதிக்காய்த்தூள், உப்பு. மேலே தூவ 40 கிராம் பிரெட் தூளும் அதில் பிசிற 15 கிராம் உருக்கிய வெண்ணெயும். பாத்திரம் அகலமாக, ஆழம் குறைவாக இருக்கட்டும். ஆழமான பாத்திரத்தில் செய்தால் அடியில் இருப்பதெல்லாம் ஆவியில் வெந்துகொண்டே இருக்கும், மேலே மட்டும் சிவக்கும்.

பீன்ஸ் வாங்கும்போது ஒன்றை எடுத்து ஒடித்துப் பாருங்கள். ‘பட்’டென்று ஒடிய வேண்டும். வளைந்துகொடுத்தால் அது எப்போதோ பறித்தது, அதை வைத்து இந்த வேலையே வேண்டாம். உள்ளே விதை புடைத்துத் தெரிகிற முற்றலும் வேண்டாம், எவ்வளவு சாஸ் ஊற்றினாலும் வாயில் சக்கைதான் மிஞ்சும். நார் உரிக்கும் வேலை இப்போது பெரும்பாலான ரகங்களில் இல்லை. அதற்கு கால்வின் கீனி என்கிற அமெரிக்கருக்குத்தான் நன்றி சொல்ல வேண்டும். நியூயார்க் மாநிலத்தில் லீ ராய் என்ற ஊரில் விதை வளர்த்தவர், 1894இல் நாரில்லாத பீன்ஸை உருவாக்கினார். அதற்கு முன்னால் ஒவ்வொரு காயையும் இரண்டு பக்கமும் உரித்திருக்கிறார்கள். அரைக்கிலோவுக்கு உட்கார்ந்து அதைச் செய்வதை நினைத்தாலே எனக்குக் கழுத்து வலிக்கிறது.

காம்பை நறுக்கிவிட்டு இரண்டாக வெட்டினால் போதும். பொடிப்பொடியாக நறுக்காதீர்கள், வெட்டுவாய் எவ்வளவு அதிகமோ அவ்வளவு தண்ணீர் விடும்.

இனி வேகவைப்பது. பெரிய பாத்திரத்தில் இரண்டு லிட்டர் தண்ணீர், ஒரு பெரிய கரண்டி உப்பு, நன்றாகத் தளதளவென்று கொதிக்க வேண்டும், அப்போதுதான் பீன்ஸைப் போட வேண்டும். மூடி போடக்கூடாது. இதை ஏன் சொல்கிறார்கள் என்று எனக்கு ரொம்ப நாள் தெரியாது, சும்மா சொல்கிறார்கள் என்று மூடிவைத்துக்கொண்டிருந்தேன். விஷயம் என்னவென்றால், காய் வேகும்போது அதற்குள்ளிருந்தே கொஞ்சம் அமிலம் வெளியே வருகிறது. பச்சை நிறத்தைத் தருகிற குளோரோஃபில்லின் நடுவில் ஒரு மெக்னீசியம் அணு உட்கார்ந்திருக்கும், அமிலம் பட்டால் அது கழன்றுவிடும், அந்த இடத்தில் ஹைட்ரஜன் வந்து உட்காரும், உடனே பளிச்சென்ற பச்சை போய் ராணுவச் சட்டை நிறம் வந்துவிடும். மூடி திறந்திருந்தால் ஆவியாகிற அமிலம் வெளியே போய்விடும், தண்ணீர் நிறைய இருந்தால் மிச்சமிருப்பதும் நீர்த்துப்போகும். சிலர் ஒரு சிட்டிகை சோடா போடுவார்கள். நிறம் அபாரமாக வரும், உண்மைதான், ஆனால் காயின் செல் சுவர்கள் கரைந்து கொழகொழவென்று ஆகிவிடும். நான் ஒரே ஒருமுறை போட்டேன், பசை மாதிரி வந்தது.

மூன்றிலிருந்து நான்கு நிமிடம், அவ்வளவுதான். ஒன்றை எடுத்துக் கடித்துப் பார்த்தால் இன்னும் கொஞ்சம் வெந்திருக்கலாமே என்று தோன்ற வேண்டும், அந்தக் கட்டம்தான் சரி, மிச்சத்தை ஓவன் பார்த்துக்கொள்ளும். உடனே அள்ளி ஐஸ் தண்ணீரில் போடுங்கள், ஒரு நிமிடம் போதும். குளிர்ந்த தண்ணீர்தானே என்று அங்கேயே விட்டுவிட்டு வேறு வேலை பார்க்கப் போகாதீர்கள், ஊறிப்போகும்.

அப்புறம்தான் துண்டு. விரித்து, பீன்ஸை ஒரே வரிசையாகப் பரப்பி, மேலே துண்டின் மறுபாதியை மடித்துப் போட்டு, உள்ளங்கையால் மெதுவாக உருட்ட வேண்டும். துண்டு நனைந்து கனக்கிறது பாருங்கள், அவ்வளவும் உங்கள் சாஸுக்குப் போயிருக்க வேண்டிய தண்ணீர். நான் ஒருமுறை ஆர்வக்கோளாறில் துண்டை முன்னும் பின்னும் நிறுத்துப் பார்த்தேன், 45 கிராம் கூடியிருந்தது. மூன்று பெரிய கரண்டித் தண்ணீர்! உருட்டி முடித்ததும் துண்டைத் திறந்து பத்து நிமிடம் அப்படியே காற்றாட விட்டுவிடுவேன், அந்த நேரத்தில் சாஸ் ஆகிவிடும். உறைந்த பீன்ஸ் என்றால் வேகவைக்கவே வேண்டாம், உறையவைக்கும் முன்பே கொதிநீரில் போட்டு எடுத்துவிடுகிறார்கள். ஆனால் முழுக்க உருகவிட்டு, இரண்டு மடங்கு கவனமாகத் துடைக்க வேண்டும். ஐஸ் படிகங்கள் உள்ளே செல்களைக் குத்திக் கிழித்திருக்கும், விட்டால் ஒழுகிக்கொண்டே இருக்கும்.

சாஸ் பெரிய வித்தை இல்லை. வெண்ணெய் உருகியதும் நசுக்கிய பூண்டைப் போட்டு அரை நிமிடம், உடனே மைதாவைப் போட்டு சிறு தீயில் இரண்டு நிமிடம் வறுக்க வேண்டும். பச்சை மாவு வாசனை போய் பிஸ்கட் வாசனை வரும், நிறம் மாறக்கூடாது. பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றி விஸ்க்கால் அடித்துக்கொண்டே இருங்கள். முதல் இரண்டு தடவை ஊற்றும்போது கட்டி கட்டியாகத் திரண்டு, போச்சு என்று தோன்றும், போகாது, அடித்துக்கொண்டே இருந்தால் வழிக்கு வந்துவிடும். எல்லாப் பாலும் சேர்ந்ததும் ஒரு கொதி வர வேண்டும், அதற்கு முன்னால் மாவு முழு பலத்தைக் காட்டாது. கரண்டியின் முதுகில் பூசிக்கொண்டு, விரலால் கோடு போட்டால் கோடு அப்படியே நின்றால் சரி. இந்த சாஸை வழக்கத்தைவிடக் கொஞ்சம் கெட்டியாகவே வைக்கிறேன், எவ்வளவு துடைத்தாலும் பீன்ஸ் ஓவனில் இன்னும் கொஞ்சம் தண்ணீர் விடத்தான் செய்யும், அதற்கு முன்கூட்டியே இடம் விட்டுவைப்பது போல.

இப்போது அடுப்பை அணைத்துவிடுங்கள். ஆமாம், சீஸ் போடும் முன்பே. இரண்டு நிமிடம் ஆறட்டும். செடார் 65 டிகிரி செல்சியஸை ஒட்டி உருகத் தொடங்கிவிடும், கொதிக்கிற சாஸ் அதற்குத் தேவையே இல்லை. சூடு அதிகமானால் சீஸில் இருக்கிற புரதம் இறுகிச் சுருங்கி, தனக்குள் வைத்திருந்த கொழுப்பைப் பிழிந்து வெளியே தள்ளிவிடும். நாக்கில் ரவை மாதிரி நெருடும், மேலே எண்ணெய் மிதக்கும். என் முதல் பாத்திரத்தில் மிதந்த மஞ்சள் துளிகள் அதுதான், ஆக அன்றைக்கு இரண்டு தப்பு நடந்திருக்கிறது, பாவம் அந்த மட்டமான சீஸ் மேல் எந்தக் குற்றமும் இல்லை. 100 கிராம் சீஸைக் கைப்பிடி கைப்பிடியாகப் போட்டுக் கிளறுங்கள், மிச்சம் 50 கிராம் மேலே தூவ.

எந்த சீஸ்? ருசிக்குச் செடார், ரொம்ப முற்றியதாக இல்லாமல் நடுத்தரமாக, முற்ற முற்ற எண்ணெய் பிரிவது எளிது. மொசரெல்லா இழுபடும், படத்துக்கு நன்றாக இருக்கும், ருசி என்று பெரிதாக ஒன்றும் கிடையாது, அதனால் அது மேலே மட்டும். பார்மசான் இருந்தால் ஒரு கரண்டி பிரெட் தூளோடு கலந்துகொள்ளுங்கள். பாக்கெட்டில் துருவியே வருகிற சீஸை நான் சாஸில் போடுவதில்லை, ஒன்றோடொன்று ஒட்டாமலிருக்க உருளைக்கிழங்கு ஸ்டார்ச்சோ செல்லுலோஸோ தூவியிருப்பார்கள், அது சாஸை மழமழவென்று ஆகவிடாது. பிராசஸ்டு சீஸைக் கேவலமாகப் பேசுகிறவர்கள் உண்டு, எனக்கு அப்படி ஒன்றும் இல்லை. அதில் சேர்க்கிற சிட்ரேட், பாஸ்பேட் உப்புகளால் அது என்ன செய்தாலும் பிரியாது. பாதி செடார், பாதி பிராசஸ்டு என்று கலந்தால் முதல்தடவை செய்கிறவர்களுக்குக்கூடச் சொதப்பாது. உப்பை மட்டும் சீஸ் போட்ட பிறகு ருசி பார்த்துவிட்டுச் சேருங்கள்.

பீன்ஸைப் போட்டுப் புரட்டி, பாத்திரத்தில் பரப்பி, மீதி சீஸ், அதன் மேல் வெண்ணெயில் பிசிறிய பிரெட் தூள். 200 டிகிரியில் முன்பே சூடாக்கிய ஓவனில், மேல் தட்டில், 20 முதல் 25 நிமிடம். மூடி, ஃபாயில் எதுவும் வேண்டாம், மூடினால் எழும்புகிற ஆவியெல்லாம் மேலே முட்டி மறுபடி உள்ளேயே சொட்டும், துண்டை வைத்து உருட்டியதெல்லாம் வீண். ஓரங்களில் கொப்புளம் சின்னதாக வேகமாக வரும்போது இன்னும் ஆகவில்லை என்று அர்த்தம். பெரிதாக, சோம்பேறித்தனமாக ‘பொளக்’கென்று வெடித்தால் ஆகிவிட்டது.

வெளியே எடுத்ததும் பத்து நிமிடம் தொடக்கூடாது. ஆறும்போதுதான் சாஸ் இறுகும். அந்தப் பத்து நிமிடத்தில் எங்கள் வீட்டில் குறைந்தது இரண்டு விரல்களாவது சுட்டுக்கொள்ளும்.

இந்த வகைப் பதார்த்தத்துக்குப் பெரிய பெயர் வாங்கித் தந்தது டார்காஸ் ரெய்லி என்ற பெண்மணி. 1955இல் அமெரிக்காவின் கேம்ப்பெல் சூப் நிறுவனத்தில் சமையல் குறிப்புகள் உருவாக்கும் பிரிவில் வேலை பார்த்தார். அவர் குழு கொடுத்த குறிப்பில் ஆறே பொருட்கள்: பீன்ஸ், டப்பாவில் வரும் காளான் கிரீம் சூப், பால், சோயா சாஸ், மிளகு, பொரித்த வெங்காயம். சீஸ் கிடையாது! எனக்கு அதில் பிடித்த இடம் அந்த சூப்தான். தண்ணீரைக் குறைத்துக் கெட்டியாக்கி அடைத்தது, அதைக் கரைக்காமல், கொஞ்சம் பால் மட்டும் சேர்த்து அப்படியே சாஸாகப் போட்டுவிட்டார்கள். நான் துண்டோடு மல்லுக்கட்டுகிற பிரச்சினையை அவர்கள் டப்பாவிலேயே முடித்துவிட்டார்கள். பொரித்த வெங்காய யோசனையை நானும் திருடிக்கொண்டேன், பிரெட் தூள் தீர்ந்த நாட்களில் அதைத்தான் போடுகிறேன், ஆனால் கடைசி ஐந்து நிமிடத்தில், முன்பே போட்டால் கருகிவிடும்.

மிஞ்சினால் மறுநாள் ஓவனில் 160 டிகிரியில் சூடாக்குங்கள். மைக்ரோவேவில் வைத்தால் சீஸ் மறுபடி எண்ணெய் கக்கும், மேலே இருக்கிற மொறுமொறுப்பும் நமுத்துப்போகும். எங்கள் வீட்டில் மிஞ்சுவது எப்போதும் ஒரே மாதிரிதான், நடுவில் வெறும் பச்சையாகக் கொஞ்சம் பீன்ஸ் இருக்கும், நான்கு மூலையும் சுரண்டி எடுக்கப்பட்டிருக்கும். போன வாரம் மகளைக் கையும் களவுமாகப் பிடித்தேன். கரண்டியால் ஓரத்தில் ஒட்டியிருந்த கருஞ்சிவப்புச் சீஸைப் பெயர்த்துக்கொண்டே, “இது சூப் இல்லம்மா, நல்லாருக்கு” என்றாள்.