படிக்கத்தோடு ஆறு சனிக்கிழமை

மார்ச் 8, 2025, சனி

இன்று ஷிராஸ் என்கிற சிவப்பு ஒயினில் மூன்று பாட்டிலும் ஒரு அட்டைப்பெட்டியும் வாங்கி வந்தேன். பெட்டி நாலு லிட்டர், 18 டாலர். பாட்டில்கள் 11, 28, 65. ஆஸ்திரேலியாவின் அடிலெய்டுக்கு வந்து பதினோரு வருஷம் ஆகிறது. யார் வீட்டு விருந்துக்குப் போனாலும் 20 டாலருக்குக் கண்ணில் பட்டதை எடுத்துக்கொண்டு போகிற ஆள் நான். இனியாவது கொஞ்சம் தெரிந்து குடிப்போம் என்று ஆறு சனிக்கிழமைகளை ஒதுக்கியிருக்கிறேன்.

மனைவி குடிப்பதில்லை. அவள்தான் சமையலறையில் நான்கையும் ஊற்றி, கிளாஸுக்கு அடியில் விலைச் சீட்டை ஒட்டி எடுத்து வருவாள். நான் பார்க்காமல் சுவைத்து வரிசைப்படுத்த வேண்டும். துப்புவதற்கு ஒரு பழைய எவர்சில்வர் சொம்பு. தாத்தாவின் வெற்றிலைப் படிக்கம் மாதிரி இருக்கிறது என்று சிரித்தாள். ஆனால் துப்பாமல் முடியாது. 14.5 சதவீத ஷிராஸ் பாட்டிலில் 8.6 ஸ்டாண்டர்ட் டிரிங்க் இருப்பதாக லேபிளே சொல்கிறது; இங்கே ஒன்று என்றால் 10 கிராம் ஆல்கஹால்.

முதல் கிளாஸில் நாவல்பழமும் மிளகும். துப்பிய பிறகும் வாயில் நின்றது. இரண்டாவது பழப்பாகு, இனிப்பாக வந்து உடனே காணாமல் போனது. மூன்றாவது ஒரே துவர்ப்பு, வாழைப்பூவைப் பச்சையாகக் கடித்த மாதிரி நாக்கைக் கட்டிப்போட்டது. நான்காவதில் குறை இல்லை, நிறையும் இல்லை. 1, 4, 3, 2 என்று எழுதிக் கொடுத்தேன். சீட்டைப் பிரித்தால் 28, 11, 65, பெட்டி.

“அறுபத்தஞ்சு டாலருக்கு வாழைப்பூவா?” என்றாள். பதில் இல்லை.

பெட்டி கடைசியில் நின்றதில் ஆச்சரியமில்லை. 1965இல் ரென்மார்க் ஊரில் தாமஸ் ஆங்கோவ் என்ற ஒயின் தயாரிப்பாளர் காப்புரிமை வாங்கிய யோசனை அது, பைக்குள் ஒயின், பைக்கு வெளியே அட்டை. அதன் விலைக்குக் காரணம் வரி. பியருக்கும் சாராய வகைகளுக்கும் ஆல்கஹால் அளவைப் பார்த்து வரி. ஒயினுக்கு மட்டும் மொத்த விலையில் 29 சதவீதம். மலிவாக விற்றால் வரியும் மலிவு.

மார்ச் 9, ஞாயிறு

மிச்சம் இருந்ததை மூடி வைத்திருந்தேன். மாலையில் திரும்ப ஊற்றிப் பார்த்தால் அந்த 65 டாலர் ஆசாமி ஆளே மாறியிருக்கிறான். துவர்ப்பு அடங்கி, அதற்குப் பின்னால் இருந்த பழம் முன்னால் வந்துவிட்டது. இன்றைக்கு அவன்தான் முதலிடம். 11 டாலர் பாட்டில் ஒரு ராத்திரி தாங்கவில்லை. நேற்றைய மதிப்பெண்களை அடிக்காமல் பக்கத்திலேயே புதிதாக எழுதி வைத்தேன்.

மார்ச் 15, சனி

ரீஸ்லிங், வெள்ளை ஒயின். கிளேர் பள்ளத்தாக்கில் இரண்டு (19, 32 டாலர்), ஈடன் பள்ளத்தாக்கில் ஒன்று (26). கூடவே கடைக்காரர் உள்ளே இருந்து எடுத்துக் கொடுத்த 2013 அறுவடைக் கிளேர் ஒன்று, 48 டாலர்.

இளசு மூன்றும் எலுமிச்சைத் தோலைக் கீறின வாசம். புளிப்பு பல்லில் கூசும். சர்க்கரை கிடையாது. ரீஸ்லிங் என்றாலே இனிப்பு என்று நினைத்து ஒதுக்கிவைத்தவன் நான். எத்தனை வருஷம் வீணாகப் போயிற்று! 19க்கும் 32க்கும் வித்தியாசம் இருக்கிறது, ஆனால் ஷிராஸில் இருந்த அளவுக்கு இல்லை. விலை உயர்ந்தது நாக்கில் இன்னும் பத்து எண்ணுகிற நேரம் நிற்கிறது, அவ்வளவுதான்.

2013 தான் கதை. கிளாஸை மூக்கருகே கொண்டுபோன உடனே மண்ணெண்ணெய்! ரேஷன் கடை வரிசையில் கேனோடு நின்ற ஞாபகம். கெட்டுப்போய்விட்டதோ என்று மனைவியிடம் நீட்டினேன். மோந்துவிட்டு, “மண்ணெண்ணெய், அப்புறம் கருகாத ரொட்டி, அதுக்குக் கீழே எலுமிச்சை ஊறுகாய்” என்றாள். குடிக்காதவளின் மூக்கு எனக்கு இருந்திருந்தால் நன்றாக இருக்கும். கெட்டதல்ல, வயதான ரீஸ்லிங்கின் அடையாளமே அதுதான். டிடிஎன் என்ற சேர்மம் பாட்டிலுக்குள் மெல்ல மெல்லச் சேருகிறது. வெயில் நிறையப் பட்ட பழத்தில் அது கூடுதலாக வரும், இங்கே வெயிலுக்குப் பஞ்சமில்லை. வாயில் மண்ணெண்ணெய் தெரியவில்லை, தேனும் டோஸ்டும்தான்.

பன்னிரண்டு வருஷம் இப்படித் தாக்குப்பிடித்ததில் திருகு மூடிக்குப் பங்கு உண்டு. கிளேர் தயாரிப்பாளர்கள் பலர் ஒன்றாகச் சேர்ந்து 2000 அறுவடை ரீஸ்லிங்கிலிருந்து தக்கையைக் கைவிட்டார்கள். அதுவரை திருகு மூடி என்றாலே மட்டமான சரக்கு என்றுதான் பேச்சு.

இரவு வறுத்த மீனோடு 19 டாலர் பாட்டில். துப்பவில்லை.

மார்ச் 22, சனி

அலுவலக நண்பர் ஒருவர் ஓட்ட, ஒயின் விளையும் பரோசாவுக்குப் போனோம். ஒரு மணி நேரப் பயணம். அறுவடை முடிகிற நேரம். கார்க் கண்ணாடியை இறக்கினாலே புளித்த மாவும் பழமும் கலந்த வாசம். செப்பெல்ட்ஸ்ஃபீல்டு சாலையில் இரண்டு பக்கமும் வரிசையாக ஈச்ச மரங்கள். 1930களின் மந்தத்தில் வேலையில்லாமல் இருந்த தொழிலாளர்களை வைத்து நட்டவை என்று நண்பர் சொன்னார்.

பழைய திராட்சைக் கொடிகளைப் பார்க்கத்தான் முக்கியமாகப் போனது. லாங்மைல் தோட்டத்தில் 1843இல் நட்ட ஷிராஸ் இன்றும் காய்க்கிறது. பந்தல் கிடையாது, நம் ஊர் முருங்கையை வெட்டிவிட்ட மாதிரி குட்டையாக, முறுக்கிக்கொண்டு, கறுத்துப்போன கட்டைகள். ஐரோப்பாவில் 19ஆம் நூற்றாண்டில் ஃபைலாக்ஸெரா பூச்சி வேரைத் தின்று தோட்டம் தோட்டமாக அழித்தது. 1877இல் பக்கத்து மாநிலமான விக்டோரியாவிலும் கண்டுபிடித்தார்கள். எங்கள் தெற்கு ஆஸ்திரேலியாவுக்குள் அது இன்றுவரை வரவில்லை. 1899இலேயே சட்டம் போட்டுக் கொடி வருவதைத் தடுத்தார்கள். தோட்டத்துக்குள் நடக்க வேண்டாம், காலணி மண் ஆபத்து என்று பலகை வைத்திருப்பதைப் பார்த்தபோது கோயில் வாசல் ஞாபகம் வந்தது.

பழைய கொடியின் ஷிராஸ் இரண்டு இடத்தில் சுவைத்தேன். காய்ப்பு குறைவு, பழம் சின்னது, சாறு அடர்த்தி என்கிறார்கள். கனம் தெரிகிறது, கனத்திலும் அலுப்பில்லை. ஆனால் 140 டாலர் என்றதும் கிளாஸை மெதுவாகக் கீழே வைத்தேன்.

திரும்பும் வழியில் மகிலைத் தாண்டினோம். கிரேஞ்ச் என்ற பேர்போன ஷிராஸ் பிறந்த இடம். பென்ஃபோல்ட்ஸ் நிறுவனத்தில் ஒயின் செய்த மாக்ஸ் ஷூபர்ட் 1951இல் சோதனையாகச் செய்தது, குடித்தவர்கள் திட்டினார்கள், 1957இல் நிர்வாகம் நிறுத்தச் சொன்னது. மனிதர் நிறுத்தவில்லை. 57, 58, 59 மூன்று அறுவடையையும் யாருக்கும் தெரியாமல் செய்து வைத்தார். புது ஓக் மரப் பீப்பாய்க்குப் பணம் கேட்க முடியாததால் அந்த மூன்றிலும் புது ஓக் கிடையாது. பழசு வயதாகி ருசி கூடிய பிறகு 1960இல் நிர்வாகமே திரும்பச் செய்யச் சொன்னது. நான் கிரேஞ்ச் குடித்ததில்லை. என் மார்ச் 8 மதிப்பெண்ணை நினைத்துக்கொண்டேன், அந்த நிர்வாகத்தில் நானும் உட்கார்ந்திருக்கலாம்.

மார்ச் 29, சனி

ஹன்டர் பள்ளத்தாக்கு செமிலான், இதுவும் வெள்ளை. புதுசு 24 டாலர், 10.5 சதவீதம்தான். எலுமிச்சை பிழிந்த தண்ணீர். இதற்கா இத்தனை பேச்சு என்று 6/10 போட்டேன். பிறகு 2014, 55 டாலர். வெண்ணெய் தடவிய டோஸ்ட், வறுத்த முந்திரி. ஓக் பீப்பாயில் வைத்ததாகத்தான் சத்தியம் செய்வேன், ஆனால் ஓக்கே படவில்லை; வெறும் பாட்டிலில் கிடந்தே இப்படி ஆகியிருக்கிறது. 9/10.

மேலதிகமாகக் கொடுத்த 31 டாலர், பத்து வருஷம் யாரோ இடம் கொடுத்து வைத்திருந்ததற்கான வாடகை. அதிகமில்லை. புதுசில் ஆறு பாட்டில் வாங்கிப் படிக்கட்டுக்கு அடியில் போட்டுவிட்டேன். மகன் கல்லூரி முடிக்கும்போது பார்க்கலாம்.

ஏப்ரல் 5, சனி

கேபர்னே சாவிஞான், சிவப்பு. மார்கரெட் ரிவர் ஒன்று (38), கூனவாரா ஒன்று (35), ஏலத்தில் எடுத்த 1998 கூனவாரா ஒன்று, 70 டாலர்.

மார்கரெட் ரிவரில் பச்சை இலையும் கறுப்புப் பழமும். சீராக, அழகாக இருந்தது. கூனவாரா அப்படியில்லை. முதல் மோப்பத்திலேயே தைலம்! சளி பிடித்தால் அம்மா நெஞ்சில் தேய்க்கிற அதே நீலகிரித் தைலம். நண்பர் மிண்ட் என்கிறார், எனக்கு அது தைலம்தான். காரணமும் அதுவேதான்: தோட்டத்தை ஒட்டி யூகலிப்டஸ் நின்றால் இலையிலிருந்து வரும் சினியோல் என்ற வாசனைச் சேர்மம் பழத்தோலில் படிந்து ஒயினுக்குள் வந்துவிடும். இந்த நாட்டு மரம் ஊட்டிக்குப் போய் நம் வீட்டு மருந்தானது. நான் இங்கே வந்து அதைக் கிளாஸில் பிடிக்கிறேன். பிடித்திருந்தது, ஆனால் எவ்வளவு ஒயினுக்காக, எவ்வளவு அம்மாவுக்காக என்று பிரிக்கத் தெரியாததால் மதிப்பெண் போடவில்லை.

1998இன் தக்கையை உடையாமல் எடுக்கவே கால் மணி நேரம். ஊற்றினால் வாசமே இல்லை. பழம் எங்கே என்று தேடிக்கொண்டிருந்தேன். மனைவி ஒரே மோப்பில், “ஈரச் சாக்கு. மழையில நனைஞ்ச அட்டைப்பெட்டி” என்றாள். தீர்ந்தது. தக்கையில் பூஞ்சை வேலை செய்து உண்டாகும் டிசிஏ என்ற சேர்மம். உடம்புக்குக் கெடுதல் இல்லை, ஒயினுக்குத்தான் சாவு. 70 டாலரை சிங்க்கில் ஊற்றினேன். ஏலத்தில் எடுத்ததற்கு யாரிடம் போய்க் கேட்பது?

ஏப்ரல் 12, சனி

கடைசி சனிக்கிழமை. மக்லாரன் வேல் கிரனாஷ் 30 டாலர்: மாதுளை, லேசான காரம், ஷிராஸின் எடை இல்லை. நம் சாப்பாட்டுக்குச் சிவப்பில் இதுவே முதல் என்று இப்போதைக்கு முடிவு. யார்ரா பினோ நுவார் 22 டாலர்: மெலிசு, வெறும் சிவப்புத் தண்ணீர். இந்த விலையில் பினோ தேடக் கூடாது போலிருக்கிறது.

ஆறு வாரக் கணக்கைப் பார்த்தேன். சிவப்பில் 10க்கும் 30க்கும் நடுவே கொடுக்கிற ஒவ்வொரு டாலருக்கும் நாக்கில் பதில் கிடைத்தது. அதற்கு மேல் எனக்குக் காத்திருக்கப் பொறுமை இருந்தால்தான். வெள்ளையில் 25க்கு மேல் புதுசு வாங்க மாட்டேன். லேபிளில் ‘தென்கிழக்கு ஆஸ்திரேலியா’ என்று இருந்தால் விட்டுவிடுவேன், நியூ சவுத் வேல்ஸ் முழுவதும், விக்டோரியா, டாஸ்மேனியா முழுவதும் அதற்குள் அடக்கம். எங்கே விளைந்தது என்று சொல்லாததற்குச் சமம்.

இரவு ரதர்கிளென் மஸ்கட், அரை பாட்டில், 36 டாலர். நான்கு தரப் படியில் இது கீழிருந்து இரண்டாவது, ‘கிளாசிக்’. கொடியிலேயே சுருங்கவிட்ட பழம், அதில் ஸ்பிரிட் சேர்த்து வருஷக்கணக்காகப் பீப்பாயில் வைப்பது. பழுப்பு நிறம், கிளாஸைச் சாய்த்தால் எண்ணெய் மாதிரி மெதுவாக வழிகிறது. உலர்ந்த திராட்சை, கருப்பட்டி, காப்பித்தூள். இங்கே இதை வெனிலா ஐஸ்கிரீமின் மேல் ஊற்றிச் சாப்பிடுவார்கள் என்று சொன்னேன். மனைவி கிண்ணத்தை நீட்டினாள். ஒரு ஸ்பூன் ஊற்றினேன். தின்றுவிட்டுக் கொஞ்ச நேரம் யோசித்தாள்.

“இதுக்கு அந்தச் சொம்பு வேண்டாம்,” என்றாள்.