நிலம் அதிர்ந்தும் நின்ற சுவர்: லீமா நகரத் திருப்பயணம்

பெரு நாட்டின் தலைநகரான லீமாவில் அக்டோபர் மாதத்துக்கு ஊதா மாதம் என்றே பெயர். பேருந்தில் முன்னிருக்கையில் அமர்ந்திருக்கும் மூதாட்டி, கடையில் சில்லறை எண்ணித் தரும் பெண், தாயின் இடுப்பிலிருக்கும் கைக்குழந்தை எனப் பலரும் ஊதா நிற அங்கி அணிந்து, இடையில் வெண்கயிறு கட்டியிருப்பதைக் காணலாம். நேர்ச்சை செய்துகொண்டவர்கள் மாதம் முழுவதும் அந்த உடையிலேயே இருக்கிறார்கள். ‘அற்புதங்களின் ஆண்டவர்’ என்று அவர்கள் அழைக்கும் பாடுபட்ட இயேசுவின் ஓவியத்தை வணங்கி, அதன் திருப்பவனியில் நடக்க வேண்டும் என்பது என் நெடுநாள் வேண்டுதல். அது நிறைவேறியதற்கு நன்றியாகவே இதை எழுதுகிறேன்.

ஓவியம் இருக்கும் நாசரேனாஸ் ஆலயம், நகரின் பழைய பகுதியில் தாக்னா பெருஞ்சாலையை ஒட்டி நிற்கிறது. கடலிலிருந்து எழும் மூடுபனி வானத்தைச் சாம்பல் நிறமாக்கியிருந்த காலையில் அங்கே போய்ச் சேர்ந்தேன். ஆலயத்தைச் சுற்றியுள்ள நடைபாதைகளில் மெழுகுவர்த்தி, செபமாலை, ஊதா அங்கி, ஊதா நாடாவில் கோத்த ஆண்டவர் படம் ஆகியவற்றின் விற்பனை நடந்துகொண்டிருந்தது. உள்ளே சென்றதும் கண் நேராகத் தலைமைப் பீடத்தில்தான் நிற்கிறது. மற்ற ஆலயங்களில் பீடத்துக்காகச் சுரூபம் செய்து வைப்பார்கள். இங்கே ஒரு பழைய சுவர் இருந்த இடத்திலேயே இருக்க, அதைச் சுற்றிப் பீடத்தையும் பீடத்தைச் சுற்றி ஆலயத்தையும் எழுப்பியிருக்கிறார்கள். சிலுவையில் தொங்கும் ஆண்டவர், அவருக்கு மேலே பிதாவும் பரிசுத்த ஆவியும், சிலுவையின் அடியில் ஒருபுறம் அன்னை மரியாள், மறுபுறம் மகதலா மரியாள். சுடாத மண்கல்லால் கட்டிய சுவர் அது. நிலம் ஓயாமல் அதிரும் ஊரில் முதலில் விழ வேண்டியது அத்தகைய சுவர்தான்.

அந்தச் சுவரின் கதையைச் சொல்ல வேண்டுமானால் நகரத்தின் கதையைத் தொட்டாக வேண்டும். ஸ்பானியத் தளபதி பிரான்சிஸ்கோ பிசாரோ 1535 ஜனவரி 18 அன்று ரீமாக் ஆற்றங்கரையில் இந்நகரை நிறுவி, குழந்தை இயேசுவைக் காண வந்த மூன்று அரசர்களின் நினைவாக ‘அரசர்களின் நகரம்’ என்று பெயரிட்டார். தென் அமெரிக்காவில் ஸ்பானியர் ஆண்ட நிலப்பரப்புக்கெல்லாம் லீமாவே தலைநகராயிற்று. வெள்ளியும் பட்டும் அதன் கயாவ் துறைமுகம் வழியாகப் போய்வந்தன. அந்தச் செல்வத்தின் அடித்தளத்தில் ஆப்பிரிக்காவிலிருந்து கப்பலேற்றப்பட்ட அடிமைகளின் உழைப்பு இருந்தது. அவர்களில் அங்கோலா நாட்டினர் சிலர், நகரின் ஓரத்தில் பச்சகாமியா என்ற குடியிருப்பில் பக்தசபை ஒன்றை அமைத்து, தங்களில் நோயுற்றோரைப் பேணியும் இறந்தோரை அடக்கம் செய்தும் வந்தார்கள். அவர்கள் கூடிய கொட்டகையின் சுவரில்தான் 1651ஆம் ஆண்டில் அவர்களில் ஒருவர், ஓவியப் பயிற்சி ஏதுமின்றி, இந்தப் பாடுபட்ட ஆண்டவரைத் தீட்டினார் என்று மரபு சொல்கிறது. 1655 நவம்பர் 13 அன்று வந்த நிலநடுக்கத்தில் மாளிகைகளும் ஆலயங்களும் சரிந்தன. சுற்றியிருந்த குடியிருப்பும் இடிந்தது. ஓவியம் இருந்த சுவர் மட்டும் நின்றது.

பச்சகாமியா என்ற பெயர், நகருக்குத் தென்கிழக்கே ஏறத்தாழ 30 கிலோமீட்டர் தொலைவிலுள்ள பச்சகாமாக் என்ற பழந்தலத்திலிருந்து வந்தது. அங்கிருந்து கொண்டுவரப்பட்ட பழங்குடி மக்கள்தாம் அப்பகுதியில் முதலில் குடியமர்த்தப்பட்டார்கள். பலர் இத்தலத்தைச் சுற்றுலாவாகப் பார்த்துவிட்டுத் திரும்புகிறார்கள். என் பயணத்தின் பகுதியாகவே நான் அங்கே சென்றேன். பசிபிக் கடலைப் பார்த்தபடி மணல்மேடுகளுக்கு நடுவே மண்கல் கோயில்கள் படிப்படியாக எழுகின்றன. இன்கா அரசர்கள் வருவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே மக்கள் குறி கேட்க நெடுந்தொலைவிலிருந்து நடந்து வந்த தலம் அது. கீழ் முற்றத்துக்குள் நுழைய 20 நாள் நோன்பும், மேல்தளத்துக்கு ஏற ஓராண்டு நோன்பும் இருக்க வேண்டும் என்று, 1533இல் அங்கே சென்று அதன் தெய்வ உருவை உடைத்த, தளபதி பிசாரோவின் சகோதரர் எர்னாண்டோ பிசாரோவே எழுதி வைத்திருக்கிறார். நோன்பிருந்து படியேறுவது இன்னதென்று அறிந்த நமக்கு அந்த வரி எளிதில் விளங்கும். அத்தலத்தின் தெய்வமான பச்சகாமாக், நிலநடுக்கத்தின் தெய்வம். அவர் சினந்தால் நிலம் அசையும், முகத்தைத் திருப்பினால் அதிரும், உடல் முழுவதையும் திருப்பினால் உலகமே முடிந்துவிடும் என்று, ஆண்டெஸ் மலைப் பழங்குடியினரின் கெச்சுவா மொழியில் எழுதப்பட்ட வரோச்சிரி ஏடு கூறுகிறது. பழைய தெய்வத்தின் இடத்தைத்தான் சுவரோவியம் எடுத்துக்கொண்டது என்று ஆய்வாளர் சிலர் கருதுகிறார்கள். அக்கருத்து என் விசுவாசத்தைச் சற்றும் குறைக்கவில்லை. நிலம் அசையும்போது மனிதன் எழுப்பும் கூக்குரல் எந்தக் காலத்திலும் ஒன்றுதான் என்றும், இறைவன் அதைத் தொடக்கத்திலிருந்தே கேட்டுக்கொண்டிருந்தார் என்றும் நான் நம்புகிறேன்.

நிலநடுக்கத்துக்குப் பிறகு ஏறத்தாழ 15 ஆண்டுகள் சுவர் கேட்பாரற்றுக் கிடந்தது. பின்னர் அந்தோனியோ தெ லெயோன் என்பவர் அதைத் துப்புரவு செய்து, மேலே கூரை வேய்ந்து, தம் உடலிலிருந்த கட்டி நீங்க மன்றாடிக் குணம் பெற்றார். செய்தி பரவியதும் வெள்ளிக்கிழமை இரவுகளில் கறுப்பின மக்கள் திரண்டு, பறையும் யாழும் இசைத்துப் பாடத் தொடங்கினர். அது ஒழுங்கற்ற வழிபாடு என்று முறையீடு எழ, 1671இல் ஓவியத்தை அழித்துவிடும்படி ஆணை பிறந்தது. அழிக்க ஏணியில் ஏறியவருக்கு உடல் நடுங்கியது. இறக்கித் தேற்றி மறுபடி ஏற்றியும் கை எழவில்லை. அவருக்குப் பின் ஏறியவர்களில் ஒருவர், ஓவியத்தின் அழகு தம் கண்முன்னே கூடுவதையும் முள்முடி பசுமையாவதையும் கண்டதாகச் சொல்லி இறங்கிவிட்டார். கூடியிருந்த மக்கள் கொதித்தெழுந்தனர். இறுதியில் அரசப் பிரதிநிதியான லேமோஸ் பிரபு ஆணையைத் திரும்பப் பெற்றார். அதே ஆண்டு செப்டம்பர் 14 அன்று, திருச்சிலுவை மகிமையின் திருநாளில், அச்சுவரின் முன் முதல் திருப்பலி நிறைவேற்றப்பட்டது. அழிக்கச் சொன்ன ஆண்டிலேயே அங்கே பீடம் எழுந்ததை நினைத்துக்கொண்டு அதே சுவரின் முன் முழந்தாளிட்டபோது எனக்குச் செபம் சொல்ல வார்த்தை வரவில்லை.

1687 அக்டோபர் 20 அதிகாலையில் நகரம் மீண்டும் தரைமட்டமானது. கயாவ் துறைமுகத்தில் கடல் புகுந்தது. சிற்றாலயம் இடிந்தும் சுவர் நின்றது. அதன் காப்பாளராயிருந்த வணிகர் செபஸ்தியான் தெ அந்துன்யானோ, ஓவியத்தைப் பார்த்துத் துணியில் தீட்டச் செய்த நகலைத் தெருக்களில் எடுத்துச் செல்ல, மக்கள் அழுதுகொண்டே பின்னால் நடந்தார்கள். அக்டோபர் பவனியின் தொடக்கம் அதுவே. 1746 அக்டோபர் 28 இரவில் வந்ததோ இவையனைத்திலும் கொடியது. கயாவில் வாழ்ந்த ஏறத்தாழ 5,000 பேரில் 200 பேர் அளவுக்கே ஆழிப்பேரலையிலிருந்து தப்பினார்கள். இன்றைய பவனியின் நாட்கள் இந்த நினைவுகளிலிருந்து பிறந்தவை என்பதை அறிந்துகொண்டு நடந்தால், அத்தனை பெரிய கூட்டம் ஏன் இப்படி அழுகிறது என்பது புரியும்.

பவனி நாளன்று பொழுது விடியும் முன்பே தாக்னா பெருஞ்சாலையில் இடம்பிடித்து நின்றேன். இரவெல்லாம் விழித்திருந்து பல குடும்பங்கள் மலரிதழ்களாலும் வண்ண மரத்தூளாலும் சாலையில் கோலம் போட்டு முடித்திருந்தன. சப்பரம் அதன் மீது கடந்துசெல்ல வேண்டும் என்பதற்காகவே அத்தனை உழைப்பும். முதலில் வந்தது புகை. வெண்முக்காடும் ஊதா அங்கியும் அணிந்த தூபப் பெண்கள், கனன்றுகொண்டிருக்கும் வெள்ளித் தூபக்கலசங்களை ஏந்தி, ஆண்டவருக்கு முதுகு காட்டலாகாது என்பதால் அவர் முகத்தைப் பார்த்தபடி பின்னோக்கி அடியெடுத்து வைத்தார்கள். நெருப்பின் வெம்மையில் ஒரு பெண்ணின் விரல்நுனிகள் கன்றிச் சிவந்திருந்ததையும், அவள் கலசத்தைத் தாழ்த்தாமல் மெல்லிய குரலில் பாடிக்கொண்டே நகர்ந்ததையும் ஓரடித் தொலைவில் கண்டேன். அவர்களுக்குப் பின்னால், வெள்ளி வேலைப்பாடும் மலர்க்குவியலும் மெழுகுவர்த்திகளுமாக, ஒன்றரை டன்னுக்கும் மிகுந்த எடையுள்ள சப்பரம் மக்கள் தலைக்கு மேல் மிதந்து வந்தது.

சக்கரம் எதுவும் இல்லை. முழு எடையும் தோள்களில்தான். நாசரேனாஸ் பக்தசபையின் 20 அணிகள் முறை மாற்றி முறை மாற்றிச் சுமக்கின்றன. தலைவர் மணியடித்ததும் சப்பரம் எழுகிறது, மறுமணி அடித்ததும் இறங்குகிறது. தந்தை சுமந்த இடத்தில் மகனும் அவனுக்குப் பின் பேரனும் தோள்கொடுக்கும் குடும்பங்கள் உண்டு. எழுந்த சப்பரம் உடனே முன்னேறுவதில்லை. சுமப்போர் இடமும் வலமுமாகச் சற்றே அசைந்து ஒரே நடைக்கு வந்த பிறகுதான் நகர்கிறது. அந்த அசைவில் ஆண்டவரே மூச்சு விடுவதுபோல் இருந்தது. சப்பரத்திலுள்ள துணியோவியத்தின் முன்பக்கத்தில் பாடுபட்ட ஆண்டவரும், 1747இல் சேர்க்கப்பட்டபடி பின்பக்கத்தில் மேகத்தின் அன்னையும் இருக்கிறார்கள். எனவே சப்பரம் நம்மைக் கடந்துபோன பிறகு தாயின் முகம் நம்மை நோக்கித் திரும்பியிருக்கிறது. இதை யாரும் எனக்கு முன்பே சொல்லவில்லை. ஆண்டவர் போய்விட்டாரே என்று ஏங்கிய கணத்தில் அன்னையைக் கண்டதும் என் கண்கள் நிறைந்துவிட்டன. அருகில் நின்ற மூதாட்டி என் கையைப் பிடித்து, “அழு மகளே, இங்கே எல்லாரும் அழுவோம்” என்று சொல்லி, தாளில் பொதிந்த இனிப்பு ஒன்றை என் கையில் வைத்தார். தோன்யா பெப்பாவின் துரோன் என்று அதற்குப் பெயர். சோம்பு மணக்கும் மாவுக் குச்சிகளை அடுக்கி, இடையே பழச்சுவை ஏற்றிய வெல்லப்பாகு ஊற்றி, மேலே வண்ண மிட்டாய்கள் தூவியிருப்பார்கள். கைகள் முடங்கிப்போன கறுப்பினப் பெண்ணொருவர் ஆண்டவரிடம் குணம் பெற்று, நன்றிக் காணிக்கையாகச் செய்து பங்கிட்டது என்பது வழிவழி வரும் கதை.

பவனி நகரின் முதன்மைச் சதுக்கத்தையும் பேராலயத்தையும் கடந்து செல்கிறது. மாடங்களிலிருந்து மலரிதழ்கள் பொழிகின்றன. ஆனால் என் மனத்தில் பதிந்தது மருத்துவமனை வாசலில் சப்பரம் நின்ற நேரம்தான். சக்கர நாற்காலிகளில் அமர்த்தி வரிசையாகக் கொண்டுவரப்பட்டிருந்த நோயாளிகளை நோக்கிச் சுமப்போர் சப்பரத்தைத் திருப்பி நிறுத்தினார்கள். அதுவரை ஓயாதிருந்த வாத்தியங்கள் அப்போது நின்றன.

அதே தாக்னா சாலையில் வடக்கே நடந்தால், ஆற்றை ஒட்டிப் புனித ரோசாவின் திருத்தலம் வருகிறது. தென் தமிழகத்துக் கத்தோலிக்கக் குடும்பங்களில் லீமாரோஸ் என்று பெண்களுக்குப் பெயரிடுவது இவரை நினைத்துத்தான். என் உறவிலும் லீமாரோஸ்கள் உண்டு. அவர்கள் அனைவருக்காகவும் இங்கே செபித்தேன். 1586இல் பிறந்து, பூத்தையலாலும் மலர் வளர்ப்பாலும் பெற்றோருக்கு உதவி, ஏழை நோயாளிகளை வீட்டுக்கே அழைத்து வந்து பேணி, 1617இல் தம் 31ஆம் வயதில் மறைந்தவர் அவர். சுவரின் முன் முதல் திருப்பலி நடந்த அதே 1671இல், அமெரிக்கக் கண்டங்களின் முதல் புனிதராக அறிவிக்கப்பட்டார். தம் இடையில் பூட்டிய சங்கிலியின் சாவியை அவர் எறிந்ததாகச் சொல்லப்படும் கிணற்றில், மக்கள் இன்றும் விண்ணப்பக் கடிதங்களைப் போடுகிறார்கள்.

சிறிது தொலைவில் சாந்தோ தோமிங்கோ மடத்தின் ஆலயத்தில் அவருடைய திருப்பண்டங்களோடு புனித மார்ட்டின் தெ போரஸின் திருப்பண்டங்களும் வைக்கப்பட்டுள்ளன. 1579இல் பிறந்த மார்ட்டினின் திருமுழுக்குப் பதிவில் ‘தந்தை அறியப்படாதவர்’ என்றே எழுதப்பட்டது; தாய் அனா வெலாஸ்கெஸ், விடுதலை பெற்ற கறுப்பினப் பெண். கலப்பினத்தார் துறவு வார்த்தைப்பாடு கொடுக்க இயலாத காலமாதலால் பணியாளராகவே மடத்துக்குள் நுழைந்து, துடைப்பம் பிடித்தும், நோயாளிகளின் புண்களைக் கழுவியும், நாய்க்கும் பூனைக்கும் எலிக்கும் ஒரே தட்டில் உணவிட்டும் வாழ்ந்தார். அவர் மறைந்தது 1639இல். புனிதர் பட்டம் 1962இல்தான் வந்தது. கறுப்பின மக்களின் சுவரை வணங்கிய பின் இந்தப் பீடத்துக்கு வந்தது எனக்கு ஒரே திருப்பயணமாகத் தோன்றியது. மாடமாளிகைகளின் பெருமையைப் பேசும் லீமா, நெருக்கடி நேரத்தில் மன்றாடுவது தான் அடிமைகளாக வைத்திருந்தவர்களின் ஆண்டவரிடமும், தான் வேலைக்காரராகக் கருதிய மார்ட்டினிடமும்தான்.

செல்ல விரும்புவோருக்குச் சில செய்திகள். பவனி அக்டோபர் முதல் சனிக்கிழமை தொடங்கி, 18, 19, 28 ஆகிய நாட்களில் பெருங்கூட்டத்தோடு நடைபெற்று, நவம்பர் முதல் நாளில் நிறைவுறுவது வழக்கம். வழித்தடத்தை ஆண்டுதோறும் பக்தசபை அறிவிக்கிறது. முதியவர்களை அழைத்துச் செல்வோர் ஆலய வாசலின் நெரிசலைத் தவிர்த்து, அகன்ற சாலைகளில் ஓரமாக நிற்பது நல்லது. கூட்டத்தில் நடக்க இயலாதவர்கள் வேறு எந்த மாதத்தில் சென்றாலும் சுவரோவியத்தை அமைதியாகத் தரிசிக்கலாம். நாசரேனாஸ், ரோசாவின் திருத்தலம், சாந்தோ தோமிங்கோ மூன்றும் நடந்தே போகும் தொலைவில்தான் இருக்கின்றன. பச்சகாமாக்குக்கு மட்டும் அரை நாள் ஒதுக்கிக்கொள்ள வேண்டும். நவம்பர் முதல் வாரம் வரை தங்க முடிந்தால், 3ஆம் தேதி வரும் புனித மார்ட்டினின் திருநாளிலும் பங்கேற்றுத் திரும்பலாம்.